கன அடியும் முழங்கால் அளவும்: கொசஸ்தலைக் கரையின் வெள்ள வரைபடம்

வடகிழக்குப் பருவமழை வலுக்கும் ஆண்டுகளில் நீர்வளத் துறையிடமிருந்து இரண்டு வெள்ள எச்சரிக்கைகள் வெளியாவது வழக்கம். பூண்டி நீர்த்தேக்கத்திலிருந்து கொசஸ்தலை ஆற்றில் உபரிநீர் திறக்கப்படுவது பற்றியது ஒன்று. புழல் ஏரியின் உபரிநீர்க் கால்வாய் பற்றியது மற்றொன்று. இரண்டும் ஒரே அச்சில் வார்க்கப்பட்டவை. வினாடிக்கு இத்தனை கன அடி என்று ஓர் எண், கரையோர ஊர்களின் பெயர் வரிசை, தாழ்வான பகுதிகளில் வசிப்போர் பாதுகாப்பான இடங்களுக்குச் செல்லுமாறு ஒரு வேண்டுகோள். இரு பட்டியல்களிலும் இடம்பெறும் ஊர் சடையங்குப்பம். ஆற்று வெள்ளமும் ஏரியின் உபரிநீரும் எண்ணூர்க் கழிமுகத்தை நோக்கி இறங்கும் வழியில், மணலி புதுநகரை ஒட்டி அமைந்தது அது. இருளர் குடியிருப்பும் பர்மா நகரும் அங்கேதான் உள்ளன. 2015, 2021, 2023 ஆகிய மூன்று ஆண்டுகளின் வெள்ளமும் அப்பகுதியைச் சூழ்ந்தது.

ஒரு கன அடி என்பது ஏறத்தாழ 28 லிட்டர். வினாடிக்கு ஆயிரம் கன அடி திறக்கப்பட்டால் ஒவ்வொரு வினாடியும் 28,000 லிட்டர் நீர் வெளியேறுகிறது. இந்தக் கணக்கு அணையின் மதகருகே நிற்கும் பொறியாளருக்குப் பொருளுள்ளது. ஆற்றோரக் குடிசையில் இருப்பவருக்கு வேண்டியது வேறு: அந்த நீர் என் தெருவுக்கு வருமா, வந்தால் முழங்காலளவா இடுப்பளவா, எத்தனை மணிக்கு வரும், எந்தப் பக்கமிருந்து வரும், எந்த வழி கடைசியாக மூழ்கும்? கன அடியை முழங்கால் அளவாக மொழிபெயர்க்கும் கருவிதான் வெள்ளச் சமவெளி வரைபடம். அந்த மொழிபெயர்ப்பு நடக்காதவரை எச்சரிக்கை என்பது ‘சொல்லிவிட்டோம்’ என்று அரசு பதிவு செய்துகொள்ளும் ஒரு குறிப்பாகவே எஞ்சுகிறது.

அவ்வரைபடம் உருவாகும் முறை மாயமானதன்று. நிலத்தின் ஏற்ற இறக்கங்களை அளக்க வேண்டும். ஆற்றின் குறுக்குவெட்டை இடத்துக்கு இடம் எடுக்க வேண்டும். பல ஆண்டு மழைப்பதிவுகளையும் நீர்வரத்தையும் சேர்க்க வேண்டும். கடலோரமாதலால் ஓதத்தின் உயரத்தையும் கணக்கில் கொள்ள வேண்டும். இவற்றைக் கணினியில் ஓடவிட்டால், இத்தனை கன அடி நீர் வந்தால் எந்தெந்த இடங்கள் எவ்வளவு ஆழத்தில் மூழ்கும் என்பது தெரியும். சென்னைக்கென 2015 வெள்ளத்துக்குப் பிறகு தேசியக் கடலோர ஆய்வு மையம் சி-ஃபுளோஸ் என்னும் முன்னறிவிப்பு அமைப்பை உருவாக்கியது. ஆகவே அறிவு இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. அந்த அறிவு எந்த மாடிவரை ஏறி நிற்கிறது, எந்தத் தெருவரை இறங்கி வருகிறது என்பதே கேள்வி.

இத்துறையின் சொற்களில் மக்களை அதிகம் ஏமாற்றுவது ‘நூறு ஆண்டு வெள்ளம்’ என்பது. ஒருமுறை வந்துவிட்டால் அடுத்த நூறு ஆண்டுகளுக்குக் கவலையில்லை என்று அது ஒலிக்கிறது. உண்மையில் ஒவ்வோர் ஆண்டும் நூற்றில் ஒரு பங்கு வாய்ப்பு என்பதே அதன் பொருள். முப்பது ஆண்டுகள் ஒரே இடத்தில் வாழும் குடும்பம் அத்தகைய வெள்ளத்தை ஒருமுறையேனும் காண 26 விழுக்காடு வாய்ப்புண்டு. ‘25 ஆண்டு வெள்ளம்’ என்றால் அந்த வாய்ப்பு 70 விழுக்காட்டைத் தாண்டும்.

இந்தக் கணக்கை நினைவில் வைத்துக்கொண்டு தேசியப் பேரிடர் மேலாண்மை ஆணையம் 2008-இல் வெளியிட்ட வெள்ள மேலாண்மை வழிகாட்டுதல்களைப் படிக்க வேண்டும். தொழிற்சாலைகள், மின்நிலையங்கள் போன்ற பொதுப் பயன்பாட்டு அமைப்புகள் நூறு ஆண்டு வெள்ள மட்டத்துக்கு மேலே அமைய வேண்டும் என்கிறது அது. குடியிருப்புகளுக்கு 25 ஆண்டு வெள்ள மட்டமே அளவு. மின்நிலையம் மூழ்கினால் மாநகரமே இருளும் என்பது நியாயமான காரணம்தான். ஆயினும், வீடு என்பது தன் முப்பது ஆண்டு வாழ்வில் ஒருமுறையாவது நனையும் என்பதை முன்னதாகவே ஏற்றுக்கொண்ட அளவுகோல் இது. எண்ணூரில் நடந்ததோ இன்னும் வேடிக்கை. உயரமான இடத்தில் இருக்க வேண்டியவை என்று விதி சொல்லும் அமைப்புகளே கழிமுகத்தின் ஈரநிலத்துக்குள் இறங்கி, மண்ணைக் கொட்டித் தம்மை உயர்த்திக்கொண்டன. அவை உயர்ந்த அளவுக்கு நீர் தங்கும் இடம் குறைந்தது.

வெள்ளச் சமவெளியை வரையறுத்து ஒழுங்குபடுத்தும் சட்டத்துக்கான மாதிரி மசோதாவை மத்திய அரசு மாநிலங்களுக்கு அனுப்பியது 1975-இல். அரை நூற்றாண்டு கடந்துவிட்டது. மணிப்பூர், ராஜஸ்தான், உத்தராகண்ட், முந்தைய ஜம்மு-காஷ்மீர் ஆகியவையே அதையொட்டிச் சட்டம் இயற்றின. தமிழ்நாடு இயற்றவில்லை. அம்மசோதாவுக்குப் பின்னிருந்த மத்திய நீர் ஆணையத்தின் தோற்றத்தை நம் வாசகர்கள் அறிந்திருப்பது நல்லது. 1942 முதல் 1946 வரை வைசிராய் நிர்வாகக் குழுவில் தொழிலாளர் துறை உறுப்பினராக இருந்தபோது பாசனமும் மின்சாரமும் அண்ணல் அம்பேத்கரின் பொறுப்பில் இருந்தன. 1943 தாமோதர் வெள்ளத்துக்குப் பிறகு அந்த ஆற்றுப் படுகை முழுவதையும் ஒரே அலகாகக் கருதித் திட்டமிடும் முயற்சியை அவர் முன்னெடுத்தார். இன்றைய மத்திய நீர் ஆணையத்தின் முன்னோடியான நீர்வழி, பாசன, கப்பல் போக்குவரத்து ஆணையம் 1945-இல் உருவானதும் அக்காலத்தில்தான். ஓர் ஆற்றை மாவட்ட எல்லை, துறை எல்லை என்று துண்டாடாமல் தலை முதல் கழிமுகம் வரை ஒன்றாகப் பார்க்க வேண்டும் என்ற அந்த நோக்குதான் கொசஸ்தலைக்கு இன்றுவரை கிட்டாதது. பூண்டி மதகு ஒருவர் கையில், கழிமுகம் வேறொருவர் கையில், இடையிலுள்ள தெருக்களின் வடிகால் மாநகராட்சியின் கையில்.

வரைபடம் அரசியலுக்கு அப்பாற்பட்ட தொழில்நுட்பம் என்று நம்புவோர் எண்ணூர்க் கழிமுகத்தின் கதையைக் கேட்க வேண்டும். 1991-ஆம் ஆண்டின் கடலோர ஒழுங்குமுறை மண்டல அறிவிக்கையின்படி தயாரிக்கப்பட்ட தமிழ்நாட்டின் கடலோர மேலாண்மைத் திட்டத்துக்கு 1996-இல் மத்திய அரசு ஒப்புதல் அளித்தது. அதன் வரைபடத்தில் எண்ணூர்க் கழிமுகமும் அதன் ஈரநிலங்களும், ஏறத்தாழ 6,500 ஏக்கர், கட்டுமானத்துக்கு இடமில்லாத பகுதியாகக் குறிக்கப்பட்டிருந்தன. பிற்காலத்தில் வேறொரு வரைபடம் புழக்கத்துக்கு வந்தது. அதில் கழிமுகமே இல்லை. ஒப்புதல் பெற்ற வரைபடத்தில் நீராக இருந்தது இதில் வெறும் நிலமாகிவிட்டது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் வழி இரு வரைபடங்களையும் பெற்று, அருகருகே வைத்து, 2017-இல் இந்த வேறுபாட்டை அம்பலப்படுத்தியவர்கள் மீனவர்களும் சூழலியல் செயற்பாட்டாளர்களும். அவ்வாண்டு அக்டோபரில் நடிகர் கமல்ஹாசன் நேரில் சென்று பார்த்த பிறகே பெரிய ஊடகங்கள் எண்ணூர்ப் பக்கம் திரும்பின என்பது தனிக்கதை.

ஆற்றைக் காகிதத்தில் அழித்தாலும் ஆறு தன் வழியை மறப்பதில்லை. கழிமுகம் என்பது வெள்ளம் கடலில் சேருமுன் விரிந்து மூச்சுவிடும் இடம். கடலில் ஓதம் உயர்ந்திருக்கும் வேளையில் ஆற்றுநீர் வெளியேற முடியாமல் அங்கேதான் காத்திருக்கும். அந்த இடத்தைச் சாம்பல் குளங்களும் நிரப்பப்பட்ட மனைகளும் அடைத்துக்கொண்டால், காத்திருக்கும் நீர் பின்னோக்கி ஏறும். அனல் மின்நிலையச் சாம்பல் படிந்து ஆற்றின் ஆழம் குறைந்துவிட்டது என்று காட்டுக்குப்பம் முதலிய ஊர்களின் மீனவர்கள் பல ஆண்டுகளாக முறையிட்டு வந்தனர். 2022 ஜூலையில் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு அந்த மாசுக்கு மின் உற்பத்திக் கழகத்தைப் பொறுப்பாக்கித் தீர்ப்பளித்தது. சாம்பல் குளத்தை ஒட்டிய செப்பாக்கத்தில் தலித் குடும்பங்கள் வாழ்கின்றன. அவர்களுடைய நிலத்தின் உயரத்தைத் தீர்மானிப்பது இப்போது இயற்கையன்று. பக்கத்துக் கரையின் உயரம்.

இனி வரைபடத்தின் மறுபக்கம். ஊர் மேட்டில், சேரி பள்ளத்தில் என்பது தமிழ் நிலத்தின் மிகப் பழைய வெள்ள வரைபடம். அதை வரைய எந்தக் கருவியும் தேவைப்படவில்லை. செங்கல்பட்டு மாவட்ட ஆட்சியராக இருந்த டிரெமென்ஹீர் 1891-இல் பறையர் மக்களின் நிலமின்மையை விரிவாக அறிக்கையிட்டார். பஞ்சமி நில ஒதுக்கீடு அதிலிருந்து பிறந்தது. பொன்னேரி வட்டாரம் அன்று அந்த மாவட்டத்திலேயே இருந்தது. நிலம் மறுக்கப்பட்டவர்களுக்கு எஞ்சியது ஆற்றோரமும் கால்வாய்க் கரையும் ஏரி உள்வாயும்தான். பட்டணத்தில் ஆலையும் துறைமுகமும் பெருகியபோது வேலைக்கு வந்தவர்களும் அதே இடங்களில்தான் குடிசை போட்டனர். வருவாய்த் துறை அவற்றுக்கு வைத்திருக்கும் பெயர் ஆட்சேபகரமான புறம்போக்கு. நாற்பது ஆண்டுகள் குடியிருந்தாலும், மின் இணைப்பும் குடும்ப அட்டையும் வாக்காளர் அட்டையும் இருந்தாலும், அங்கே பட்டா எளிதில் கிடைக்காது.

ஆகவே வெள்ளச் சமவெளி என்று யாரேனும் கோடு போட வந்தால் கரையோர மக்கள் முதலில் கேட்பது ‘எங்களைக் காலி செய்யவா?’ என்பதுதான். அந்த அச்சத்துக்குக் காரணம் உண்டு. 2015 வெள்ளத்துக்குப் பிறகு கூவம், அடையாறு கரைகளில் இருந்த ஆயிரக்கணக்கான குடும்பங்கள் ‘வெள்ள அபாயம்’ என்ற பெயரில் அகற்றப்பட்டன. அவர்களில் பலர் கொண்டுசெல்லப்பட்ட பெரும்பாக்கம் பள்ளிக்கரணை சதுப்புநிலத்தை ஒட்டிய தாழ்நிலம். 2023 டிசம்பரில் அங்கும் வெள்ளம் சூழ்ந்தது. 2022 மே மாதத்தில் ஆர்.ஏ.புரம் கோவிந்தசாமி நகரில், பக்கிங்காம் கால்வாய்க் கரை வீடுகள் இடிக்கப்பட்டபோது ஒருவர் தீக்குளித்து உயிரிழந்தார். அதே பக்கிங்காம் கால்வாயின் நடுவே பறக்கும் ரயிலின் தூண்கள் நிற்கின்றன. அவற்றை ஆக்கிரமிப்பு என்று எந்த வருவாய் ஆய்வாளரும் குறித்ததில்லை.

ஒரே கோடு மேலே போகும்போது அழிகிறது. கீழே வரும்போது இறுகுகிறது. இதைச் சொல்லாமல் வெள்ள வரைபடத்தின் நன்மைகளை மட்டும் எழுதுவது பாதி உண்மை. ஆனால் இதனாலேயே வரைபடத்தை வேண்டாம் என்று தள்ளுவதும் பிழை என்பது என் கருத்து. வரைபடம் இல்லாத நிலை நம்மைக் காப்பாற்றவில்லை. அது இல்லாதபோதும் வெளியேற்றம் நடந்தது, வெள்ளமும் வந்தது. வரைபடம் நம் கையிலும் இருந்திருந்தால் 1996-இன் கழிமுகம் அவ்வளவு எளிதில் காணாமற் போயிருக்காது. மீனவர்கள் வழக்காட முடிந்ததே அந்தப் பழைய வரைபடம் அவர்களுக்குக் கிடைத்ததால்தான்.

2023 டிசம்பர் 3, 4 தேதிகளில் மிக்ஜாம் புயல் கொட்டிய மழை இன்னொன்றையும் கற்பித்தது. வடசென்னையில் வெள்ளம் தனியே வருவதில்லை. மணலியிலுள்ள சென்னை பெட்ரோலிய நிறுவனச் சுத்திகரிப்பு ஆலையிலிருந்து வெளியேறிய எண்ணெய், வெள்ள நீரோடு பக்கிங்காம் கால்வாய் வழியே எண்ணூர்க் கழிமுகத்துக்குப் பரவியது. வீட்டுச் சுவரில் வெள்ளக் கோடு இருக்க வேண்டிய இடத்தில் கருநிறப் பிசுக்கு படிந்தது. வலைகளும் படகுகளும் பாழாயின. அரசு 2,301 மீனவக் குடும்பங்களுக்குத் தலா 12,500 ரூபாயும், 787 படகுகளைச் சீர்செய்யத் தலா 10,000 ரூபாயும், பிற 6,700 குடும்பங்களுக்குத் தலா 7,500 ரூபாயும் அறிவித்தது. அந்தப் பட்டியல்களில் படகுக்கு ஒரு தலைப்பு உண்டு. படகில்லாமல் சேற்றில் அமர்ந்து கையால் இறால் தடவிப் பிடிக்கும் இருளர் பெண்ணின் உழைப்புக்குத் தனித் தலைப்பு இல்லை. அம்மாதம் 26-ஆம் தேதி இரவு பெரியகுப்பத்தில் உரத் தொழிற்சாலையின் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தபோது மக்கள் இருட்டில் வீட்டைவிட்டு ஓடினர். சில ஆண்டுகளுக்கு முன், 2020 ஆகஸ்டில், பெய்ரூட் துறைமுகம் வெடித்துச் சிதறிய பிறகே, மணலியின் சரக்குப்பெட்டக நிலையமொன்றில் சுமார் 700 டன் அம்மோனியம் நைட்ரேட் ஐந்து ஆண்டுகளாக வைக்கப்பட்டிருந்தது ஊருக்குத் தெரிந்தது. அந்த ஐந்து ஆண்டுகளின் தொடக்கத்தில் 2015 வெள்ளமும் அடங்கும்.

ஆகவே இந்தப் பகுதிக்கான வெள்ள வரைபடம் நீரின் ஆழத்தோடு நின்றுவிடலாகாது. எந்த ஆலையில் எது சேமிக்கப்பட்டுள்ளது, அதன் கழிவுநீர்க் குட்டையின் கரை எத்தகைய மழையைத் தாங்கும், உடைந்தால் எந்தக் கால்வாய் வழியே எந்தக் குடியிருப்புக்குப் போகும் என்பனவும் அதில் இருக்க வேண்டும். வெள்ளத்தில் பள்ளிக்கூடத்துக்கு ஓடு என்று சொல்லப்படும் குடும்பம், அந்தப் பள்ளிக்கூடம் அம்மோனியாக் குழாயின் காற்றுத் திசையில் இருக்கிறதா என்பதை அறிய உரிமையுள்ளது.

இராயபுரம், வியாசர்பாடி, புளியந்தோப்பு ஆகியவற்றின் சிக்கல் வேறு. அங்கே ஆறு கரையை உடைத்து வருவதில்லை. மழை விழுந்த இடத்திலேயே தேங்குகிறது. கேப்டன் காட்டன் கால்வாயும் பக்கிங்காம் கால்வாயும் நிரம்பி, கடலும் உயர்ந்திருந்தால், வடிகால் வாயிலேயே நீர் திரும்பும். கணேசபுரம் சுரங்கப்பாதை ஒவ்வொரு பெருமழையிலும் மூடப்படுவதை மாணவர்கள் அறிவர். ஆற்று வெள்ளத்துக்கான வரைபடத்தில் இந்தத் தெருக்கள் வெள்ளையாகவே, அதாவது பாதுகாப்பானவையாகவே தெரியும். மழைத் தேக்கத்துக்கென வேறொரு கணக்கு வேண்டும். கொசஸ்தலைப் படுகையின் மழைநீர் வடிகால்களுக்கு ஆசிய வளர்ச்சி வங்கி 2021-இல் 25.1 கோடி டாலர் கடன் வழங்க ஒப்புதல் அளித்தது. அந்த வடிகால்கள் எல்லாம் சென்று சேரும் கழிமுகம் எவ்வளவு நீரை ஏற்கும் என்பதைப் பொறுத்தே அவை பயன்படும்.

தான்சானியாவின் தார் எஸ் சலாம் நகரில் 2015-இல் ராமானி ஹுரியா என்னும் திட்டம் தொடங்கியது. சுவாஹிலி மொழியில் ‘திறந்த வரைபடம்’ என்று பொருள். பல்கலைக்கழக மாணவர்களும் குடிசைப்பகுதி மக்களும் சேர்ந்து தெருத் தெருவாக நடந்து வடிகாலையும் வீடுகளையும் கட்டணமில்லா இணைய வரைபடத்தில் ஏற்றினர். முந்தைய வெள்ளம் எதுவரை ஏறியது என்று வீட்டாரிடமே கேட்டுப் பதிந்தனர். சென்னையிலும் 2015 டிசம்பரில் மூழ்கிய தெருக்களை மக்களே குறிக்கும் இணைய வரைபடம் ஒன்று சில நாள்களில் உருவானது. பயனுள்ள முயற்சி அது. ஆனால் கைபேசியில் மின்னேற்றம் இருந்தவர்கள் குறித்த தெருக்களே அதில் நிறைந்தன. குறிக்கப்படாத தெரு நனையாத தெரு என்று படித்துவிடும் ஆபத்து அப்போதே இருந்தது.

மாணவர்கள் வெயில் காலத்திலேயே இந்த வேலையைத் தொடங்கலாம். சடையங்குப்பத்திலோ எர்ணாவூரிலோ ஒரு தெருவை எடுத்துக்கொண்டு, 2015, 2021, 2023 ஆண்டுகளில் நீர் நின்ற உயரத்தை வாசற்படியிலிருந்து அளக்க வேண்டும். எந்த நாள், எத்தனை மணிக்கு, எந்தத் திசையிலிருந்து வந்தது என்பதை வயதான பெண்களிடம் கேட்க வேண்டும். அடுப்பையும் அரிசியையும் தூக்கி வைத்தவர்கள் அவர்கள்தாம், அவர்களுக்குத்தான் நேரம் நினைவிருக்கும். அந்த நாளில் மதகுகளில் திறக்கப்பட்ட கன அடி எவ்வளவு என்பது செய்தித்தாளில் இருக்கும். இரண்டையும் ஒரு தாளில் வைத்தால் அந்தத் தெருவுக்கான மொழிபெயர்ப்பு கிடைத்துவிடும்: இத்தனை கன அடி திறந்தால், இத்தனை மணிநேரத்தில், இந்த வாசலில் முழங்கால். மின்மாற்றி எது, தனியாக வாழும் முதியவர் வீடு எது, கருவுற்றவர் யார், படகு யாரிடம் உள்ளது, சாதிச் சான்றிதழும் மதிப்பெண் பட்டியலும் எந்த உயரத்தில் வைக்கப்பட வேண்டும் என்பனவும் அதே தாளில் ஏறலாம். மிக்ஜாமுக்குப் பிறகு இழந்த சான்றிதழ்களை மீண்டும் பெறச் சிறப்பு முகாம்கள் நடந்தன. சேர்க்கையும் உதவித்தொகையும் அந்தக் காகிதத்தில் தொங்கும் மாணவருக்கு அதை ஒரு முழம் மேலே வைத்திருப்பதே பெரிய ஆயத்தம்.

முகாம் எது என்பதையும் அந்தத் தாள் சொல்ல வேண்டும். அங்கே யார் நுழைய முடியும் என்பதையும் சொல்ல வேண்டும். 2004 சுனாமிக்குப் பிறகு நாகப்பட்டினம் கரையில் தலித் குடும்பங்கள் நிவாரண முகாம்களில் ஒதுக்கப்பட்டதும் விரட்டப்பட்டதும் பதிவாகியுள்ளன. கட்டடம் மேட்டில் இருப்பது மட்டும் போதாது. அதேபோல், வடிந்த பிறகு சேற்றையும் மலத்தையும் அள்ள யார் அழைக்கப்படுவார்கள் என்பதும் திட்டத்தின் பகுதியாக வேண்டும். 2015-இல் பிற மாவட்டங்களிலிருந்து தூய்மைப் பணியாளர்களை ஏற்றி வந்தார்கள். பலருக்குக் காலணியும் கையுறையும்கூடத் தரப்படவில்லை.

மக்கள் வரையும் தாள் அரசின் கணினி வரைபடத்துக்கு மாற்றாகிவிடாது. ஆனால் அதைக் கேள்வி கேட்கும் ஆதாரமாகும். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் 4-ஆம் பிரிவு, யாரும் கேட்காமலே வெளியிட வேண்டிய தகவல்களைப் பற்றியது; தெரு அளவிலான வெள்ள ஆழ வரைபடம் தமிழில், வார்டு அலுவலகச் சுவரில் ஒட்டப்பட வேண்டும் என்று அதன் கீழ் கோரலாம். 2022 முதல் நடைமுறைக்கு வந்த பகுதி சபைகளில் இதைத் தீர்மானமாக வைக்கலாம். சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தின் 2026–2046 காலத்துக்கான மூன்றாம் முழுமைத் திட்டம், 1996-இல் ஒப்புதல் பெற்ற கழிமுக எல்லையை அப்படியே ஏற்க வேண்டும் என்பது அந்தத் தீர்மானத்தின் முதல் வரியாகட்டும். வரைபடத்தில் குடியிருப்பு என்று குறிக்கப்பட்ட எந்த இடத்திலும், அருகிலேயே மாற்று வீடும் அங்கு வாழ்வோரின் ஒப்புதலும் இல்லாமல் அந்தக் கோட்டைக் காரணங்காட்டி வெளியேற்றம் கூடாது என்பது இரண்டாவது வரி. ஆலைகளின் இரசாயன இருப்புப் பட்டியல் மூன்றாவது.

அடுத்த பருவமழையில் பூண்டி மதகு திறக்கும்போது வரும் எச்சரிக்கையிலும் சடையங்குப்பம் என்ற பெயர் இருக்கும். அதன் அருகே கன அடியோடு அடிக்கணக்கும் மணிக்கணக்கும் இருக்கிறதா என்று பாருங்கள்.